ஒருவருக்கு மூன்று பெயர்

2011ஆம் ஆண்டு பிப்ரவரித் திங்களில் ஒரு முற்பகல். அல்சூரில் எங்கள் வீட்டு வாயிலில் மக்கள்தொகைக் கணக்கெடுப்புக்காக ஓர் ஆசிரியை வந்து நின்றார். கன்னடத்தவர், இளவயதினர், வெயிலில் அலைந்த களைப்பு முகத்தில் தெரிந்தது. எண்பது வயதை எட்டியிருந்த என் தந்தையார் நாற்காலியை வாயிலருகே இழுத்துப் போட்டுக்கொண்டு, கேட்ட கேள்விகளுக்கெல்லாம் முறையாக விடை கூறினார். பெயர் ஆயிற்று, பிறந்த ஊர் ஆயிற்று, தாய்மொழி தமிழ் என்பதைச் சற்று உரக்கவே சொல்லியாயிற்று. பிறகு ஆசிரியை, "தர்மம்?" என்று கேட்டார். சமயத்தைக் கன்னடத்தில் அப்படித்தான் கேட்பார்கள்.

"இல்லை" என்றார் தந்தையார்.

எழுதுகோல் நின்றது. "நாஸ்திகரா?" என்று ஆசிரியை தயங்கிக் கேட்டார். ஏதோ தகாத சொல்லை ஒரு முதியவரிடம் கூறிவிட்டோமோ என்ற அச்சம் அந்தக் குரலில் இருந்தது. தம் முறைக்காகக் காத்துக்கொண்டு நின்ற எதிர்வீட்டுக் கன்னடப் பெரியவர் உடனே குறுக்கிட்டு, "அப்படிச் சொல்லாதேம்மா, அவர் விசாரவாதி" என்றார். தந்தையார் இரண்டையும் ஏற்கவில்லை. "பகுத்தறிவாளர் என்று எழுதிக்கொள்ளுங்கள்" என்றார். அடுக்களையிலிருந்து என் தாயாரின் குரல் வந்தது: "இந்து என்று எழுதிக்கொள் தாயே! இவரைக் கேட்டுக்கொண்டிருந்தால் பொழுது சாய்ந்துவிடும்."

ஆசிரியை என்ன எழுதிக்கொண்டு போனார் என்பது எங்களுக்குத் தெரியாது. அந்தக் கணக்கெடுப்பில் இந்தியா முழுவதிலும் தம் சமயத்தைக் குறிப்பிடாதவர் 28.7 இலட்சம் பேர் என்றும், நாத்திகர் எனப் பதிவானவர் ஏறத்தாழ 33 ஆயிரம் பேர் என்றும் பின்னர்ச் செய்தி வந்தது. தந்தையார் இவர்களில் ஒருவரா, இந்துக்களில் ஒருவரா என்பதை அந்த ஆசிரியை ஒருவரே அறிவார். ஆனால், அன்று எங்கள் வாயிலில் ஒலித்த மூன்று சொற்களும் என் நெஞ்சை விட்டு அகலவில்லை. கடவுள் இல்லை என்று வெளிப்படையாகப் பேசும் ஒருவரை நாம் என்ன பெயரால் அழைக்கிறோம்? அந்தப் பெயரை யார் வைத்தார்கள்? இக்கேள்விகள் வெறும் அகராதிக் கேள்விகள் அல்ல என்பதை ஆறு ஆண்டுகளுக்குப் பிறகு எங்கள் குடும்பமே உணர நேர்ந்தது. அதனை ஈற்றில் சொல்கிறேன்.

பிறர் இட்ட பெயர்

நாத்திகர் என்பது வடசொல்லின் வழிவந்தது. 'ந', 'அஸ்தி' என்னும் இரண்டும் கூடி 'இல்லை' என்று பொருள்படும். இல்லை என்பவன் நாஸ்திகன். எது இல்லை என்பவன்? இங்கேதான் வியப்பு இருக்கிறது. பாணினியின் இலக்கணத்தில் இச்சொல்லுக்கு விதி உண்டு. உரைகாரர்கள் அதனை மறுமை உண்டு, இல்லை என்னும் கொள்கையோடு சேர்த்து விளக்கினார்கள். மனுநூலோ வேதத்தை இகழ்வோனையே நாத்திகன் என்றது. அந்த அளவுகோலின்படி சமணரும் பௌத்தரும் நாத்திகர் ஆயினர். படைத்தவன் ஒருவன் வேண்டும் என்று வற்புறுத்தாத சாங்கியரும் மீமாம்சகரும் வேதத்தை ஏற்றதனால் ஆத்திகர் வரிசையில் அமர்ந்தனர். ஆகவே, இச்சொல் முதலில் கடவுளைப் பற்றியதே அன்று. 'நாங்கள் ஏற்பதை இவன் ஏற்கவில்லை' என்று பெரும்பான்மையோர் சுட்டும் விரல் அது.

தமிழ் நூல்கள் இத்தகையோரைப் பூதவாதி என்றும் உலகாயதன் என்றும் வழங்கின. மணிமேகலை வஞ்சி நகரத்தில் பல சமயத்தாரையும் சந்திக்கும்போது பூதவாதியையும் சந்திக்கிறாள். கண்ணாற் கண்டதை அன்றி வேறொன்றையும் ஏலேன் என்கிற அவனை அவள் சபிக்கவில்லை, விரட்டவும் இல்லை. 'உன் தாய் தந்தையர் இன்னார் என்பதைக் கருதல் அளவையால் அன்றி வேறெப்படி அறிந்தாய்?' என்ற கருத்துப்படக் கேட்கிறாள். ஒரு கேள்விக்கு மற்றொரு கேள்வி. சைவ சித்தாந்த நூலாகிய சிவஞான சித்தியாரும் பரபக்கத்தில் முதலில் உலகாயதனின் கொள்கையைத்தான் எடுத்துரைத்து, பிறகு மறுக்கிறது. மறுப்பதற்காகவேனும் அவன் பேச்சை முழுதாகக் கேட்ட காலம் ஒன்று நம்மிடையே இருந்தது.

மாணிக்கவாசகரின் போற்றித் திருவகவலில் நாத்திகரைக் குறிக்கும் இடம் எனக்கு மிகவும் பிடித்தமானது. அவர்களுடைய நெஞ்சை அவர் குறிப்பிடவில்லை. ஓயாமல் பேசியதால் தழும்பேறிப்போன நாவைக் குறிப்பிடுகிறார். மனத்துக்குள் ஐயம் கொண்டவரைப் பற்றி யாருக்கும் கவலை இல்லை. வாய்திறந்து சொல்பவரைத்தான் உலகம் பெயரிட்டு அழைக்கிறது. நாத்திகர் என்ற சொல்லின் முதலெழுத்தே நம் மொழியில் 'நா'வாக அமைந்தது தற்செயல்தான். ஆயினும் பொருத்தமான தற்செயல்.

தாமே கொண்ட பெயர்

வட ஆற்காடு மாவட்டத்தில் ஆம்பூரை அடுத்த ஒரு சிற்றூரில் பிறந்தவர் என் தந்தையார். அவ்வூர் முடிதிருத்தும் நிலையத்தில் நாள்தோறும் 'விடுதலை' ஏட்டை ஒருவர் உரக்கப் படிப்பார். எழுத்தறியாதவர்கள் சுற்றி அமர்ந்து கேட்பார்கள். அங்கே கேட்டுக் கேட்டுத்தான் தமக்குச் செவி திறந்தது என்று தந்தையார் சொல்வார். ஊரார் இவர்களைச் 'சூனா மானா' என்பார்களாம். சுயமரியாதை என்பதன் குறுக்கம் அது. 1940களின் நடுவில் திராவிடர் கழகத்தார் கறுப்பு உடை ஏற்ற பிறகு 'கறுப்புச் சட்டைக்காரர்' என்ற பெயரும் சேர்ந்தது.

பெரியாருக்கு முன்னும் இவ்வழியில் தமிழர் நடந்திருக்கிறார்கள். 1880களிலேயே சென்னையில் 'தத்துவவிவேசினி' என்ற இதழ் சுயசிந்தனைக் கருத்துகளைத் தமிழில் எழுதி வந்தது. ஆனால், முடிதிருத்தும் நிலையம் வரையில் அக்கருத்தைக் கொண்டு சேர்த்தது 1925இல் தோன்றிய 'குடி அரசு' இதழும் சுயமரியாதை இயக்கமுமே ஆகும். 1934இல் பெரியார் தம் இதழுக்குப் 'பகுத்தறிவு' என்றே பெயர் சூட்டினார். அதே பத்தாண்டில் பகத்சிங்கின் கட்டுரையை ப. ஜீவானந்தம் தமிழாக்கினார், 'நான் நாத்திகன் ஏன்?' என்று அது வெளிவந்தது. அத்தலைப்பை எண்ணிப் பாருங்கள். பிறர் பழியாக இட்ட பெயரை ஒருவர் தாமே முன்வந்து ஏற்கிறார். அண்டை ஆந்திரத்தில் கோரா அவ்வழியையே தேர்ந்து, தம் நிலையத்துக்கு நாத்திகத்தின் பெயரையே சூட்டினார். தமிழ்நாட்டிலோ, பழியை ஏற்றுத் துடைப்பதோடு நில்லாமல் புதிய பெயரொன்றும் வழக்குக்கு வந்தது.

பகுத்தறிவு என்பது அதற்கு முன்னும் இருந்த சொல்தான். விலங்கினின்று மனிதனைப் பிரிக்கும் ஆறாம் அறிவையே அது குறித்தது. தொல்காப்பியம் உயிர்களை அறிவின் வரிசையில் அடுக்கி, மனத்தை மக்களுக்கு உரியதாக வைக்கிறது அல்லவா? சுயமரியாதை இயக்கம் செய்தது யாதெனில், எல்லார்க்கும் உரிய அந்த உடைமையைக் கையில் எடுத்து, 'இதனைக் கோயில் வாசலிலும் சாதியின் வாசலிலும் கழற்றி வைக்காதே' என்று சொன்னதுதான். இதனால் தமிழில் பகுத்தறிவாளர் என்றால் கடவுளை மறுப்பவர் மட்டும் அல்லர். பிறப்பினால் உயர்வு தாழ்வு இல்லை என்பவர். புரோகிதர் இன்றித் திருமணம் செய்பவர். என் பெற்றோரின் திருமணமும் 1959இல் அப்படித்தான் நடந்தது. 1967இல் அண்ணாவின் ஆட்சியில் இயற்றப்பட்ட சட்டமே அத்தகைய திருமணங்களை, முன்பு நடந்தவற்றையும் சேர்த்து, செல்லுபடி ஆக்கியது. அதுவும் தமிழ்நாட்டு எல்லைக்குள்தான். "ஆம்பூரில் நடந்ததால் பிழைத்தோம், அல்சூரில் நடந்திருந்தால் அந்தச் சட்டத்தின் துணை நமக்கு இல்லை" என்று தந்தையார் நகைப்பார்.

கன்னடம் தந்த பெயர்

1957இல் தொழிற்சாலை வேலை தேடிப் பெங்களூர் வந்த தந்தையார், இங்கே தம் பெயரைப் புரிந்துகொள்ள ஆளின்றித் திகைத்தாராம். கறுப்புச் சட்டையைக் கண்டு சபரிமலைக்கு மாலையிட்டவர் என்று எண்ணி வணங்கியவர்களும் உண்டு.

1976இல் நிலைமை மாறியது. பெங்களூர்ப் பல்கலைக்கழகத் துணைவேந்தராக இருந்த எச். நரசிம்மையா, அற்புதங்களையும் மூட நம்பிக்கைகளையும் ஆராய ஒரு குழுவை அமைத்தார். புட்டபர்த்தி சாயிபாபாவுக்கு அவர் எழுதிய கடிதங்களால் ஊரெங்கும் அதே பேச்சு. அறிவியல் மனப்பான்மையையும் ஆராயும் உணர்வையும் வளர்ப்பது குடிமகனின் கடமை என்று அரசியலமைப்பில் சேர்க்கப்பட்டதும் அதே ஆண்டுதான். பசவனகுடி நேஷனல் கல்லூரியில் நரசிம்மையா 1962இல் தொடங்கியிருந்த அறிவியல் மன்றத்தின் கூட்டங்களுக்குத் தந்தையார் என்னை அழைத்துச் செல்லத் தொடங்கினார். பேச்சில் பாதி எனக்குப் புரியாது. தந்தையாருக்கும் அப்படித்தான் என்று இப்போது தோன்றுகிறது. ஆனால், மேடையில் கதர் உடுத்தி, காந்திக் குல்லாய் அணிந்து, திருமணம் செய்துகொள்ளாமல் கல்லூரி விடுதி அறையிலேயே வாழ்ந்த அந்த இயற்பியல் பேராசிரியரைக் கண்டு அவர் உள்ளம் நெகிழ்ந்தது. "நம்முடைய ஆள்; ஆனால் சட்டை வெள்ளை" என்பார்.

அவரைக் கன்னட மக்கள் விசாரவாதி என்றார்கள். கன்னடத்தில் 'விசாரம்' என்றால் சிந்தனை, ஆராய்ந்து பார்த்தல். விசாரவாதி கடவுளை மறுத்தே ஆகவேண்டும் என்பதில்லை. மூட வழக்கங்களைச் சாடி 'விசாரப் புரட்சி'க்கு அழைத்த குவெம்பு, இராமகிருஷ்ணரிடமும் விவேகானந்தரிடமும் ஆழ்ந்த பற்றுடையவர். தமிழ்ச்சொல் இயக்கத்தில் பிறந்து, சாதி எதிர்ப்பில் காய்ச்சி வார்க்கப்பட்டது. அதற்குக் கூர்மை அதிகம். கன்னடச்சொல் வகுப்பறையையும் இலக்கிய மேடையையும் சார்ந்து வளர்ந்தது. அதற்கு இடம் அதிகம்.

அந்நாளில் எதிர்வீட்டுப் பெரியவர் என் தாயாரிடம், "நிம்ம யஜமானரு தொட்ட விசாரவாதி" என்று பாராட்டிச் சொன்னார். தமிழில் விசாரம் என்றால் கவலை அல்லவா? தாயார் அன்றிரவு சோறு பரிமாறிக்கொண்டே மெல்லக் கேட்டார்: "உங்களுக்கு என்ன விசாரம்? எதிர்வீட்டாருக்குத் தெரிந்திருக்கிறது, எனக்குச் சொல்லக் கூடாதா?" தந்தையார் சிரித்த சிரிப்பில் புரையேறிவிட்டது. அந்தக் கதை எங்கள் வீட்டில் பல்லாண்டு ஓடியது.

மஞ்சள் துணியின் முடிச்சு

சிரித்த கதையைச் சொன்னேன். சிரிக்க முடியாத கதை ஒன்றையும் சொல்லவேண்டும். இல்லையேல் இக்கட்டுரை பாதி உண்மையே ஆகும்.

1972இல் என் தங்கைக்கு நச்சுக்காய்ச்சல் கண்டு மூன்று வாரம் படுக்கையில் கிடந்தாள். மருத்துவமும் ஒழுங்காகவே நடந்தது. தாயார் ஒரு ரூபாய்க் காசை மஞ்சள் துணியில் முடிந்து, அரிசிப் பானைக்குள் வைத்துத் திருப்பதிக்கு நேர்ந்துகொண்டார். அதை எப்படியோ கண்ட தந்தையார், நண்பர்கள் நால்வர் கூடியிருந்த கூடத்துக்கு எடுத்து வந்து, எல்லார் முன்னிலையிலும் முடிச்சை அவிழ்த்துக் காசை உருட்டிவிட்டு, "பகுத்தறிவாளன் வீட்டில் பகுத்தறிவு இல்லாத ஆளும் உண்டு, பாருங்கள்" என்றார். நண்பர்கள் சிரித்தார்கள்.

தாயார் கூடத்தின் ஓரத்திலிருந்து காசைப் பொறுக்கிக்கொண்டார். நண்பர்கள் சென்றபின் ஒன்றே ஒன்று சொன்னார்: "துணியைப் பிரித்துப் பார்த்தீர்கள். என் பயத்தைப் பிரித்துப் பார்க்கவில்லையே!"

பகுத்தல் என்றால் பிரித்தல். எழுத்துக் கூட்டிப் படிக்க மட்டுமே அறிந்த தாயார் அச்சொல்லுக்குத் தந்த உரை அது. அன்றிரவு வெகுநேரம் தந்தையார் உறங்கவில்லை. மறுநாள் காலையில் அந்த மஞ்சள் துணியைத் தாமே கொண்டுவந்து தாயாரிடம் கொடுத்தார். தங்கை தேறினாள். மருந்தால் தேறினாள் என்று தந்தையாரும், வேண்டுதலால் தேறினாள் என்று தாயாரும் இறுதிவரை நம்பினார்கள். திருப்பதிக்குப் பயணச்சீட்டு வாங்கிக் கொடுத்து, உடன்சென்று, மலையடிவாரத்தில் ஒரு தேநீர்க்கடையில் அவர் காத்திருந்தார். கொள்கையை அவர் விடவில்லை. அந்தச் சொல்லைப் பிறர்மேல் எறிவதை மட்டும் விட்டுவிட்டார்.

பகுத்தறிவாளர் என்ற சொல்லுக்குள் ஓர் இடர் உண்டு என்பதை அன்றே நான் கண்டேன். நாத்திகர் என்ற சொல் ஒருவரிடம் இல்லாததைச் சொல்கிறது. பகுத்தறிவாளர் என்பதோ, நாம் கவனமாக இல்லாவிட்டால், மற்றவரிடம் இல்லாததைச் சொல்லத் தொடங்கிவிடும். இந்த இடர் நமக்கு மட்டும் உரியதன்று. 2003இல் அமெரிக்காவில் சிலர், கடவுளை ஏற்காதவர்க்கு ஒளிமிக்கவர் என்று பொருள்படும் 'பிரைட்' என்ற பெயரைப் படைத்தார்கள். டாக்கின்சும் டென்னட்டும் அதனை ஆதரித்தார்கள். அதே அணியைச் சேர்ந்த ஹிட்சன்ஸோ அது தற்பெருமை என்று முகம் சுளித்தார். 2006இல் இவர்களைப் 'புதிய நாத்திகர்' என்று ஓர் இதழாளர் அழைக்க, அந்தப் பெயரே நிலைத்தது. மீண்டும் பிறர் இட்ட பெயரே வென்றது.

2009 ஆகஸ்டு 9ஆம் நாள் அல்சூர் ஏரிக்கரையில் பதினெட்டு ஆண்டுகள் மூடிக் கிடந்த வள்ளுவர் சிலை திறக்கப்பட்டது. சிலநாள் கழித்துத் தந்தையாரை அங்கே அழைத்துச் சென்றேன். நம் தமிழ்ச் சங்கமும் அந்த ஏரியை அடுத்ததுதான். அதன் நூலகம் அவருக்கு இரண்டாம் வீடு. சிலையைப் பார்த்துக்கொண்டே, "இவரும் என்னைத் திட்டியிருக்கிறார், தெரியுமா?" என்றார். உலகத்தார் உண்டு என்பதை இல்லை என்பவனை அலகை என்று சொல்லும் புல்லறிவாண்மைக் குறளை அவர் கருதினார். "யார் சொன்னாலும் மெய்யைத் தேடு என்று அறிவுடைமையில் சொன்னவரும் அவர்தானே, அப்பா?" என்றேன். "இரண்டையும் சொன்னார். எப்போது எது பொருந்தும் என்று நம்மைத்தான் பகுத்துக்கொள்ளச் சொல்கிறார்" என்றார்.

அட்டையில் ஒரு சொல்

2017 நவம்பரில் தந்தையார் மறைந்தார். அவர் விருப்பப்படி கண்கள் கொடையாக வழங்கப்பட்டன. சடங்கு எதுவும் இல்லை. நினைவேந்தல் அட்டை அச்சிடும் வேளையில்தான் சிக்கல் எழுந்தது. உறவினர் 'இறைவனடி சேர்ந்தார்' என்று போடச் சொன்னார்கள். நண்பர்கள் 'பகுத்தறிவாளர்' என்ற அடைமொழியோடு 'இயற்கை எய்தினார்' என்று எழுதித் தந்தார்கள். என் தம்பி, எந்த அடைமொழியும் வேண்டாம் என்றான். அவன் அச்சத்துக்குக் காரணம் இருந்தது. 2013இல் புனேயில் தபோல்கர்; 2015இல் தார்வாடில் கல்புர்கி; அந்தச் செப்டம்பர் 5ஆம் நாள் இதே பெங்களூரில் கௌரி லங்கேஷ். கல்புர்கி வசன இலக்கியத்தில் தோய்ந்த அறிஞர். தபோல்கரோ எதிர்த்தது மூட நம்பிக்கையை என்று ஓயாமல் விளக்கியவர். செய்தி ஏடுகள் அவர்களுக்கு இட்ட அடைமொழிகளுள் பகுத்தறிவாளர், விசாரவாதி என்பனவும் இருந்தன. "அந்தச் சொல்லைப் போட்டு நான்கு கன்னட வீடுகளுக்கும் கொடுக்கவேண்டுமா, அண்ணா? காலம் சரியில்லை" என்றான் தம்பி. அவனைக் கோழை என்று சொல்ல எனக்கு நா எழவில்லை. அவனுக்குச் சிறு குழந்தைகள் இருந்தன.

தாயாரைக் கேட்டோம். கணக்கெடுப்பு ஆசிரியையிடம் 'இந்து' என்று எழுதச் சொன்ன அதே தாயார், நெற்றியில் திருநீற்றோடு அமர்ந்திருந்தார்.

"அவர் சம்பாதித்த பெயர் அது. அந்தச் சொல்லால் என்னை ஒருமுறை அழவைத்தார். அப்புறம் நாற்பத்தைந்து வருஷம் அதற்குத் தகுந்த மாதிரி நடந்து காட்டினார். போடுங்கள்" என்றார்.

தொழிலாளர், எழுத்தாளர் என்பனபோல் பகுத்தறிவாளர் என்பதும் 'ஆளர்' என்ற ஈறு கொண்டது. ஆள்பவர் என்று அதற்குப் பொருள் கொள்வேன். அறிவைப் பிறர்மேல் ஏவுவதற்கு முன் தம்மேல் ஆண்டு பார்ப்பவர்க்கே அப்பெயர் பொருந்தும் என்பது என் தந்தையாரின் வாழ்விலிருந்து நான் கற்றது. ஆத்திகர்க்கும் அந்த வாயில் அடைக்கப்படவில்லை. தாயாரின் ஒற்றைக் கேள்வியே அதற்குச் சான்று.

அட்டை இரண்டு மொழிகளில் அச்சாயிற்று. தமிழ்ப் பக்கத்தில் பகுத்தறிவாளர். கன்னடப் பக்கத்தில் விசாரவாதி. எதிர்வீட்டுப் பெரியவர் தள்ளாடி வந்து, கன்னடப் பக்கத்தைக் கண்ணருகே வைத்துப் படித்து, தலையசைத்தார். தாயார் அந்தச் சொல்லை என்னிடம் படித்துக் காட்டச் சொன்னார். படித்தேன்.

"முன்பு அது அவருக்கு என்று நினைத்து ஏமாந்தேன்" என்றார், "இனிமேல் விசாரவாதி நான்தான்."